மஞ்சள் நனைத்த கோடி

இப்போதெல்லாம் சாவு வீட்டுக்கு வருகிறவன் முதலில் அடுப்பைப் பார்க்கிறான். பிணத்தை அப்புறம்தான் பார்க்கிறான். அடுப்பில் உலை கொதித்தால் அழுகை நன்றாக வருகிறது. கொதிக்காவிட்டால், நேரமாச்சு என்று துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு கிளம்பிவிடுகிறான். துண்டு எங்கே இருக்கிறது, சாக்கை உதறிக்கொண்டு.

ஜப்பான்காரன் வந்ததும் ஜனங்களுக்கு வெட்கம் போய்விட்டது என்பது சன்னாசியின் கட்சி. அரிசி போனதற்கு ஜப்பான்காரன் பொறுப்பு. துணி போனதற்கும் அவனே பொறுப்பு. வெட்கத்தை யார் எடுத்துக்கொண்டு போனது?

கேட்க ஆள் இல்லாததால் இதையெல்லாம் வாளியிடம் சொல்லிக்கொண்டிருந்தார். எஸ்டேட் லயத்து வீடுகளுக்குப் பின்னால் குந்தி உட்கார்ந்து, மஞ்சள் கரைத்த தண்ணீரில் ஒரு மல் வேட்டியை அமுக்கிக்கொண்டிருந்தார். வெள்ளை வேட்டி. அந்த எஸ்டேட்டிலேயே, ஏன், அங்கிருந்து சுவா கம்பம் என்ற மலாய்க் கிராமம் வரைக்கும் தேடினாலும் அப்படியொரு முழு வெள்ளைத் துணி கிடையாது. எல்லோரும் இடுப்பில் சாக்கைச் சுற்றிக்கொண்டு திரிந்த காலம். சன்னாசியும் சாக்கில்தான் இருந்தார். வேட்டி மட்டும் தகரப்பெட்டியில் வேப்பிலைக்கு நடுவில் கிடந்தது.

பக்கத்து வீட்டுத் தாயம்மா வந்து எட்டிப் பார்த்தாள்.

"மண்டோரய்யா, இது ஒங்க சாவுக்குன்னு வச்சிருந்ததுல்ல?"

"ஆமா."

"அதப் போய் மஞ்சள்ல போட்டுட்டீங்களே!"

"எனக்கு இப்ப என்ன அவசரம்? செத்தவளுக்கு மொதல்ல போகட்டும்."

சன்னாசிக்குப் பெண்டாட்டி இல்லை, பிள்ளை இல்லை. செத்தால் கோடி கொண்டுவந்து போட ஒரு நாதி இல்லை என்று தெரிந்துதான், கூலிகளை மேய்க்கிற மண்டோர் வேலையில் நாலு காசு பார்த்த நாளில் லோபாக் கடையில் அந்த வேட்டியை வாங்கி வைத்தார். தனக்குத் தானே கோடி. அதை எஸ்டேட்டில் கேலி பேசினார்கள். கேலி பேசியவர்களில் பாதிப்பேரை சயாம் ரயில் போட ஏற்றிக்கொண்டு போனான் ஜப்பான்காரன். அவர்களுக்கு என்ன துணி கிடைத்ததோ.

அன்று விடிந்ததுமே சுவாவிலிருந்து ஒருத்தன் வந்திருந்தான். டயருக்குப் பதில் கயிறு சுற்றிய சைக்கிள். இறங்காமலே ஒரு காலை ஊன்றிக்கொண்டு சொன்னான்.

"துணிக்கடை மீரா சாஹிப் வீட்டுல மவுத்து. ஒங்க தங்கச்சி. காய்ச்சல். அஸர் தொழுகைக்கு முந்தி எடுத்துருவாங்க. சொல்லச் சொன்னாங்க."

"யாரு சொல்லச் சொன்னது?"

"அந்தம்மாதான். போறதுக்கு முந்தி சொல்லிச்சாம். அண்ணனுக்கு ஆள் விடுங்க, கோடி கொண்டாருவாருன்னு."

சன்னாசி அதை நம்பவில்லை. துணிக்காரனுக்குத் துணி தீர்ந்துபோயிருக்கும். மச்சினனிடம் ஒரு வேட்டி இருப்பது எப்படியோ காதில் விழுந்திருக்கும். செத்தவள் வாயில் ஒரு வார்த்தையை வைத்து அனுப்பிவிட்டான். இப்படித்தான் நினைத்தார். நினைத்துக்கொண்டே பெட்டியைத் திறந்தார்.

ஏனென்றால் பிறந்த வீட்டுக் கோடி விழாத பொம்பளை அனாதைப் பிணம். பஞ்சாலை என்று பெயர் வைத்து வளர்த்தவள், ஒரு சாயபுவோடு போய் நபீஸாவாகிவிட்டாள், அது அவள் தலையெழுத்து. அனாதையாகப் போக அவளுக்கு உரிமையில்லை. அது சன்னாசி குடும்பத்தின் மானம். அவன் வீட்டு வாசலில் நின்று கோடியைப் போட்டுவிட்டு வந்துவிட வேண்டும். தடுத்தால் ஒரு கை பார்க்க வேண்டும்.

வேட்டியை அப்படியே வெள்ளையாகக் கொண்டுபோக முடியாது. புருசன் உயிரோடு இருக்கும்போது செத்தவள். அவளுக்கு வெள்ளையைப் போர்த்தினால் தாலியறுத்தவள் என்று ஆகிவிடும். சாயபு கட்டியதில் தாலி உண்டா இல்லையா என்பதெல்லாம் சன்னாசிக்குத் தெரியாது. பாயாக இருந்தாலும் புருசன் புருசன்தான். அதற்காகத்தான் கொல்லையில் போட்டிருந்த மஞ்சளைப் பிடுங்கி, இடித்து, கரைத்து, வேட்டியை முக்கினார்.

தாயம்மா துணியின் ஒரு முனையைப் பிடித்துப் பிழிந்தாள்.

"நானும் வரேன் மண்டோரய்யா."

"கஞ்சி ஊத்துவான்னு வரியா?"

"ஊத்துனா குடிக்க மாட்டேனா? வயிறு ஒங்களுக்கு மட்டுமா இருக்கு?" என்றாள் தாயம்மா. "அதுக்கில்ல. எங்க வீட்டுக்காரருக்குக் கோடித் துணி அந்தக் கடையிலதான் கெடைச்சிச்சு. போன மழைக்கு. அந்தப் பஞ்சாலைதான் உள்ள போயி எடுத்தாந்து குடுத்திச்சு."

"சும்மாவா குடுத்தா?"

"ஒண்ணும் கேக்கல."

"கேக்காமக் குடுக்குறவன் பின்னால கேப்பான்" என்றார் சன்னாசி.

*

துணி காயவில்லை. ஆளுக்கொரு முனையைப் பிடித்துக்கொண்டு எஸ்டேட் ரோட்டில் நடந்தார்கள். முன்னால் சன்னாசி, பின்னால் தாயம்மா, நடுவில் மஞ்சள் துணி காற்றில் உப்பிக்கொண்டு வந்தது. ரப்பர் மரங்களுக்கு இடையே மரவள்ளி நட்டிருந்தார்கள். பால் வெட்டுகிற கத்தியெல்லாம் கிழங்கு சீவப் போய்விட்டது. கிழங்குக் கொல்லையில் குனிந்திருந்தவர்கள் நிமிர்ந்து பார்த்தார்கள்.

"கல்யாணமா மண்டோரே?" என்று ஒருவன் கத்தினான்.

"ஆமா, ஒங்கப்பனுக்கு!"

பாலத்தில் ஜப்பான் சிப்பாய் நின்றான். இருவரும் துணியைக் கீழே விடாமல் இடுப்பு வளையக் குனிந்தார்கள். சிப்பாய் துப்பாக்கிக் கத்தியின் நுனியால் துணியைத் தூக்கிப் பார்த்தான். சன்னாசி முனையை இறுக்கிப் பிடித்தார். கிழித்துவிடுவான், அல்லது எடுத்துக்கொள்வான். தாயம்மா தன் கன்னத்தில் கைவைத்துத் தலையைச் சாய்த்து, கண்ணை மூடிச் செத்தவள் போலக் காட்டினாள். சிப்பாய் அவளைப் பார்த்தான். ஈரத்துணியைப் பார்த்தான். கத்தியில் ஒட்டிய மஞ்சளைப் பூட்ஸில் துடைத்துக்கொண்டு போகச் சொன்னான்.

கொஞ்ச தூரம் போனதும் தாயம்மா சொன்னாள். "அவனுக்கும் ஆத்தா அக்கா இருக்கும்."

"இருந்து என்ன கிழிச்சா?"

*

மீரா சாஹிப்பின் கடையும் வீடும் ஒன்றுதான். முன்னால் பலகைக் கடை, பின்னால் குடியிருப்பு. வாசலில் நாலைந்து மலாய்க்காரர்கள் மூங்கில் வெட்டிக்கொண்டிருந்தார்கள். வேலியோரம் இரண்டு நாகூர்க்காரர்கள் தொப்பியோடு குந்தியிருந்தார்கள். ஒப்பாரி இல்லை. பறை இல்லை. ஒரு பொம்பளை செத்த வீடு இவ்வளவு அமைதியாக இருப்பது சன்னாசிக்கு அசிங்கமாக இருந்தது. ஒருத்தியாவது மாரில் அடித்துக்கொள்ள வேண்டாமா?

மீரா சாஹிப் வெளியே வந்தார். ஒருகாலத்தில் துணி மூட்டையைத் தோளில் போட்டுக்கொண்டு, சம்பளம் போட்ட மறுநாள் லயம் லயமாக வந்தவர். மூட்டையைப் பிரித்ததும் பொம்பளைகள் கோழிக்குஞ்சு மாதிரி கூடுவார்கள். அந்தக் கூட்டத்தில் பஞ்சாலை துணியைப் பார்க்காமல் துணிக்காரனைப் பார்த்தாள். அன்றைக்கே சன்னாசி கவனித்திருக்க வேண்டும். இப்போது அந்த ஆளின் தோள் இறங்கிவிட்டது. தாடி முழுக்க நரை. கைலியில் ஒட்டுப்போட்ட இடம்தான் அதிகம்.

"வாங்க மச்சான்" என்றார்.

"மச்சான் கிச்சான்னு சொல்லாத. கோடி போட வந்தேன். போட்டுட்டுப் போயிருவேன்."

"வாங்க. ஒங்களுக்காகத்தான் பாத்துக்கிட்டிருக்கோம்."

சன்னாசி சண்டைக்கு நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு வந்தவர். வாங்க என்றால் எப்படிச் சண்டை போடுவது? நேராகக் கடைக்குள் போனார். பலகைத் தட்டுகள் கூரை வரைக்கும் காலியாக இருந்தன. ஒரு தட்டில் முழக்கோல் கிடந்தது. இன்னொன்றில் கறையான். கல்லாப்பெட்டிக்குப் பின்னால் இருந்த மரப்பெட்டியைச் சன்னாசி கேட்காமலே திறந்தார். உள்ளே காய்ந்த வெற்றிலைக் காம்பும் ஒரு பையனின் பழைய சட்டையும் இருந்தன. பஞ்சாலையின் மகன் யாக்கூபின் சட்டையாக இருக்கும். அவனையும் சயாமுக்கு ஏற்றிவிட்டார்கள் என்று சன்னாசி கேள்விப்பட்டிருந்தார். மருமகன் முறை. ஒருநாளும் முகம் பார்த்ததில்லை.

"ஒளிச்சு வச்சிருக்கேன்னு தேடுறீங்களா?" என்றார் மீரா சாஹிப். கோபமாகச் சொல்லவில்லை.

"துணிக்காரன் பொஞ்சாதிக்குத் துணி இல்லன்னா எவன் நம்புவான்?"

"நானும் நம்பலதான். நேத்து ராத்திரி நானும் இதே பெட்டியத் தொறந்து பாத்தேன்."

சன்னாசி பெட்டியை மூடினார். நடிப்பு என்று நினைத்துக்கொண்டார். இருந்தாலும் பெட்டி காலிதான்.

*

மய்யித்தைக் குளிப்பாட்ட வந்திருந்த ரம்ஜான் பீவி, வாயில் பல்லில்லாத பெரிய உடம்புக்காரி. உள்வாசலில் நின்று துணிக்குக் கை நீட்டினாள். தாயம்மா மடித்துக் கொடுத்தாள். ரம்ஜான் பீவி விரித்துப் பார்த்துவிட்டு வாயில் கைவைத்தாள்.

"அல்லாவே, மஞ்சளா இருக்கே! கஃபனுக்கு வெள்ளையில்ல வேணும்?"

கஃபன் என்றால் அவர்கள் பிணத்துக்குச் சுற்றுகிற துணி என்று தாயம்மா சன்னாசியின் காதில் சொன்னாள். சன்னாசிக்கு அது தெரியும்.

"காலையில வரைக்கும் வெள்ளையாத்தான் இருந்திச்சு" என்றார் மீரா சாஹிப் மெல்ல. துணிக்காரன் கண். ஓரத்துக் கரையைப் பார்த்தே கண்டுபிடித்துவிட்டார். "லோபாக் சரக்கு. நல்ல மல்லு."

"கட்டுனவன் இருக்கையில செத்தவளுக்கு வெள்ளை போடுற வழக்கம் எங்கள்ட்ட இல்ல" என்றார் சன்னாசி. "வேணாம்னா குடுங்க. எடுத்துட்டுப் போறேன்."

ரம்ஜான் பீவி கொடுக்கவில்லை. "நீங்க எடுத்துட்டுப் போனா நான் புள்ளைய எதுல சுத்துறது, வாழையிலையிலயா? இருங்க, தொவைச்சுப் பாக்குறேன்."

கிணற்றடிக்குப் போனாள். தேங்காயெண்ணெயும் சாம்பலும் போட்டு வீட்டிலேயே காய்ச்சிய சவுக்காரம், சேறு மாதிரி ஒரு சிரட்டையில் இருந்தது. அள்ளித் துணியில் தேய்த்தாள். தேய்த்த இடம் சிவந்தது. இன்னும் தேய்த்தாள். துணி முழுக்கக் குங்குமத்தைக் கொட்டிய மாதிரி திட்டுத் திட்டாகச் சிவந்து, வாளித் தண்ணீர் ரத்தமாக நின்றது. ரம்ஜான் பீவி துணியைப் போட்டுவிட்டு இரண்டடி பின்னால் போனாள்.

"யா அல்லா! இது என்ன?"

சன்னாசிக்கு அன்றைக்கு முதல்முறையாகச் சிரிப்பு வந்தது.

"மஞ்சத்தண்ணியில சுண்ணாம்போ சாம்பலோ பட்டா என்ன ஆகும்னு தெரியாதா? ஆலாத்தி பாத்ததே இல்லியா நீங்கள்லாம்?"

"நாங்க எங்க கண்டோம்?"

தாயம்மா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். முதலில் சிரிக்கத்தான் பொத்தினாள். அப்புறம் கையை எடுக்கவில்லை. பஞ்சாலைக்குக் கல்யாணம் என்று ஒன்று நடந்ததே எஸ்டேட்டில் யாருக்கும் தெரியாது. அவளுக்கு யாரும் ஆலாத்தி சுற்றவில்லை.

சன்னாசி குனிந்து வாளியைக் கவிழ்த்தார். சிவப்புத் தண்ணீர் வாசல் பக்கம் ஓடியது.

"நல்ல தண்ணியில அலசு. மஞ்சளுக்கே திரும்பிரும்" என்றார்.

*

பள்ளிவாசல் லெபை வந்தார். காதர் லெபை. ஒல்லியான ஆள், கண்ணில் பூ விழுந்திருந்தது. கூடவே குழி வெட்டிவிட்டு மண் கையோடு பாக் டோலா என்ற மலாய்க்கிழவரும் வந்தார். ரம்ஜான் பீவி அலசிய துணியை மூங்கிலில் போட்டுக் காட்டினாள். சிவப்பு போய்விட்டது. மஞ்சள் கொஞ்சம் வெளிறி நின்றது.

இதோ இப்போது வேண்டாம் என்பான், ஆரம்பித்துக்கொள்ளலாம் என்று சன்னாசி தொண்டையைச் செருமினார்.

லெபை துணியைத் தடவிப் பார்த்தார். "வெள்ளை விசேஷம். இல்லாட்டி, ஒரு பொம்பளை உசுரோட இருக்கையில எத உடுத்தலாமோ அதுலயே கஃபன் இடலாம். மஞ்சள் உடுத்தலாம்தானே? போதும்."

சன்னாசியின் தொண்டையில் வந்தது அங்கேயே நின்றது. இவ்வளவு சுலபமாக ஒத்துக்கொள்கிறான் என்றால் உள்ளே ஏதோ இருக்கிறது.

இருந்தது. லெபை மீரா சாஹிப்பைப் பார்த்துச் சொன்னார். "அஞ்சு துண்டு வேணும். துணி பத்தாது. மூணாக் கிழிச்சிருவோம். ஓரத்துல நாடா எடுத்துக்கங்க, கட்டுறதுக்கு."

"கிழிக்கிறதா?" சன்னாசி துணியின் முன்னால் போய் நின்றார். "கோடிய எவனாச்சும் கிழிப்பானா? முழுசாப் போடணும். கிழிஞ்ச துணியப் போடுறதுக்கு என் தங்கச்சி என்ன பிச்சைக்காரியா?"

"முழுசா எப்படிச் சுத்துறது? கீழுக்கு ஒண்ணு, தலைக்கு ஒண்ணு, மேல ஒண்ணு. இது எங்க முறை."

"கிழிக்காமப் போடுறது எங்க முறை!"

வேலியோரத்துத் தொப்பிக்காரர்கள் எழுந்து நின்றார்கள். தாயம்மா, "மண்டோரய்யா, போதும்லா" என்றாள். லெபை வானத்தைப் பார்த்தார். வெயில் சாய்ந்துகொண்டிருந்தது.

பாக் டோலா கையிலிருந்த மண்ணைத் தட்டினார். ரெம்பாவ் பக்கத்துக்காரர். கடைத்தெருவில் பேசுகிற பசார் மலாயில் மெதுவாகக் கேட்டார். "அபாங் டியா மானா? இவளோட அண்ணன் எங்கே?"

மீரா சாஹிப் சன்னாசியைக் காட்டினார்.

கிழவர் லெபையிடம் மலாயில் ஏதோ நீளமாகச் சொன்னார். சன்னாசிக்குப் பாதி புரிந்தது. எங்கள் ஊர் அடாட்டில், அதாவது ஊர்வழக்கத்தில், பொம்பளை தாய்வீட்டுச் சொத்து, புருசன் விருந்தாளி, அவள் காரியத்தில் அண்ணன் வாய் திறக்காமல் யாரும் கை வைக்க மாட்டார்கள், இவரைக் கேளுங்கள் என்றார். மார்க்கம் சொல்வது ஒன்று, இந்த விஷயத்தில் ரெம்பாவ்காரன் சொல்வது வேறொன்று என்று லெபைக்கு எரிச்சல். இருந்தாலும் குழி வெட்டியவர் அவர்.

எல்லோரும் சன்னாசியைப் பார்த்தார்கள்.

அவருக்கு அது பிடிக்கவில்லை. தடுக்கிறவர்களோடு சண்டை போட வந்தவரிடம் முடிவைக் கொண்டுவந்து கொடுத்துவிட்டார்கள். இதிலும் ஒரு தந்திரம். மாட்டேன் என்றால் அவள் அங்கேயே கிடப்பாள், பழி இவர்மேல் வரும்.

ரம்ஜான் பீவி உள்வாசலிலிருந்து சொன்னாள். "நேத்து எங்கிட்டச் சொன்னா புள்ள. எங்கண்ணன் வரும், திட்டிக்கிட்டே வரும், ஆனா வராம இருக்காதுன்னு."

"எனக்குன்னு சோடிச்சு வச்சிருக்கீங்க" என்றார் சன்னாசி.

அவர் மூங்கிலிலிருந்து துணியை உருவி மீரா சாஹிப்பின் கையில் எறிந்தார்.

"கிழி. எப்படியோ போங்க."

மீரா சாஹிப் முழக்கோலை எடுத்துவந்து அளந்தார். விளிம்பைக் கட்டைவிரலால் பிடித்தார். ஆயுசு முழுக்கச் செய்த வேலை. பிடித்தபடியே நின்றார். துணி கிழியவில்லை.

"என்னய்யா? ஊரெல்லாம் கிழிச்சு வித்தவன்தானே? இது மட்டும் வரலியா?"

மீரா சாஹிப் தலையை அசைத்தார். வரவில்லை என்றுதான் சொன்னார்.

"குடு இங்க." சன்னாசி பிடுங்கி, விளிம்பைப் பல்லில் வைத்துக் கடித்து, இரண்டு கையாலும் இழுத்தார். சர்ர்ரென்று ஒரு முனையிலிருந்து மறுமுனை வரைக்கும் போனது. அந்தச் சத்தம் லயத்தில் எல்லோருக்கும் தெரிந்த சத்தம். மூட்டைக்காரன் அளந்து கிழிக்கிற சத்தம் கேட்டால்தான் பஞ்சாலை கையில் இருக்கிற வேலையைப் போட்டுவிட்டு ஓடுவாள். சன்னாசி இரண்டாவது தடவையும் கிழித்தார். ஓரத்தில் நாடாவும் எடுத்தார். வாயில் மஞ்சள் கசந்தது. துப்பினார்.

"எடுத்துட்டுப் போங்க. அடுத்தவன் கையால கிழிஞ்சிச்சுன்னு நாளைக்குப் பேச்சு வரக்கூடாது."

*

குளிப்பாட்டிச் சுற்றியபின் முகம் பார்க்கக் கூப்பிட்டார்கள். அண்ணன் பார்க்கலாமாம். தனக்கு அனுமதி கொடுக்க இவர்கள் யார் என்று கேட்க நினைத்தார், கேட்காமல் போனார்.

மஞ்சள் துணிக்குள் முகம் மட்டும் இருந்தது. நெற்றியில் ஒன்றுமில்லை. காய்ச்சல் தின்று மிச்சம் வைத்த முகம். மூக்குத்தியைக் கழற்றியிருந்தார்கள். ஓட்டை அப்படியே இருந்தது. மாரியம்மன் கோயில் திருவிழாவில், சின்னதில் குத்தியது. அவள் கத்திய கத்தலில் சன்னாசிதான் கையைப் பிடித்துக்கொண்டிருந்தார், கடித்துவிட்டாள்.

ரம்ஜான் பீவி துணியை மூடினாள். தாயம்மா பொறுக்கமாட்டாமல் ஒரே ஒரு வரி ஒப்பாரி எடுத்தாள். யாரோ உஷ் என்றார்கள். ரம்ஜான் பீவி அவளைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள்.

வெளியே லெபை மீரா சாஹிப்பிடம் கேட்டுக்கொண்டிருந்தார். "தல்கீன் ஓதணும். அவுக உம்மா பேரு என்ன? வேணாம், வந்து சேந்தவங்களுக்கு ஹவ்வா மகள்னு ஓதிக்கலாம். அதான் வழக்கம்."

"என்ன ஓதுறது?" என்றார் சன்னாசி.

லெபை பொறுமையாகச் சொன்னார். மண் தள்ளினபிறகு கபர் பக்கத்தில் உட்கார்ந்து மய்யித்தைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவோம். இன்னாருடைய மகளே என்று தாய்பேரைச் சேர்த்துக் கூப்பிடுவோம். கேள்வி கேட்க மலக்குகள் என்ற வானவர்கள் வரும்போது என்ன பதில் சொல்ல வேண்டும் என்று சொல்லிக்கொடுப்போம். ஹவ்வா எல்லோருக்கும் ஆதித்தாய்.

"ஹவ்வாவா? எவ அவ? எங்க ஆத்தா பேரு வள்ளியம்மா. பெத்தவ ஒருத்தி, பேரு போடுறது இன்னொருத்திக்கா?"

"அவுக முஸ்லிம் இல்லியே..."

"பெத்தாளா இல்லியா?"

மீரா சாஹிப், "வள்ளியம்மாதான் ஹஜ்ரத்" என்றார். "எங்கிட்டக்கூட அந்தப் பேரச் சொல்லித்தான் அழுவா."

அழுவாளாம். வள்ளியம்மா செத்த அன்று பஞ்சாலை முக்காட்டோடு லயத்து முனையில் வந்து நின்றாள். சன்னாசி உள்ளே விடவில்லை. சரி என்றுதான் அன்று நினைத்தார், இன்றும் அதே நினைப்புத்தான்.

லெபை சரி என்றும் சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை. சந்தூக்கைத் தூக்குங்கள் என்றார்.

*

மூங்கில் சந்தூக்கு, அவர்கள் பாடை, முன்னால் போனது. ஒவ்வொருத்தராகத் தோள் மாற்றிக்கொண்டார்கள். மீரா சாஹிப் திரும்பிப் பார்த்து, தோள் கொடுக்கிறீர்களா என்பதுபோல நின்றார். சன்னாசி வேறுபக்கம் பார்த்தார். கொஞ்ச தூரத்தில் பாக் டோலா தன் இடத்தை விட்டு விலகி, ஒன்றும் பேசாமல் இவர் கையைப் பிடித்து மூங்கிலில் வைத்துவிட்டுப் போய்விட்டார். கையை எடுத்தால் சாய்ந்துவிடும். அதனால் தூக்கினார். கனமே இல்லை. பட்டினி போட்டுத்தான் கொன்றிருக்கிறான் என்று மனசுக்குள் திட்டினார். எஸ்டேட்டில் இருந்திருந்தாலும் கிழங்குதான் தின்றிருப்பாள், அது வேறு.

கபரஸ்தான் ரப்பர் தோட்டத்தின் ஓரம். வேலியாக ஒரு செம்பருத்தி வரிசை. மண் போட்டார்கள். சன்னாசியும் போட்டார், அதில் எந்த மதமும் இல்லை. அப்புறம் ஒதுங்கி வேலிப்பக்கம் போய் நின்றார். போகவில்லை. லெபையை விட்டுப் போனால் ஏமாற்றிவிடுவார். காதால் கேட்டுவிட்டுத்தான் போவது.

லெபை கபரின் தலைமாட்டில் உட்கார்ந்தார். எல்லோரும் குந்தினார்கள். அரபியில் ஏதோ ஓடியது, ஒரு எழவும் புரியவில்லை. சன்னாசி வேலியில் கைவைத்துக் குனிந்து காதைக் கொடுத்தார்.

"யா நபீஸா..." என்று லெபை கூப்பிட்டார். ஒருகணம் நின்றார். பூ விழுந்த கண்ணைத் தூக்கி வேலிப்பக்கம் பார்த்தார். "பின்த் வள்ளியம்மா."

அப்புறம் தமிழில் சொன்னார். "வள்ளியம்மா மகள் நபீஸாவே, ரெண்டு மலக்குகள் வருவாங்க. உன்னப் படைச்ச ரப்பு யாருன்னு கேப்பாங்க. பயப்படாதே. தெளிவாச் சொல்லு..."

பயப்படுகிறவளா அவள்? உயிரோடு இருந்தபோது அப்பன் சொல்லிக் கேட்கவில்லை, அண்ணன் சொல்லிக் கேட்கவில்லை. இப்போது மண்ணுக்குள் படுத்துக்கொண்டு இந்த ஒல்லி லெபை சொல்லிக்கொடுப்பதைக் கேட்டுத்தான் பதில் சொல்லப் போகிறாளாக்கும்.

சன்னாசி வேலியிலிருந்து கையை எடுத்தார். செம்பருத்தி இலையில் மஞ்சள் ஒட்டியிருந்தது. லெபை இன்னும் ஓதிக்கொண்டிருந்தார். மீரா சாஹிப் இரண்டு கையையும் ஏந்தித் தலையைக் குனிந்திருந்தார், அதனால் இவர் கிளம்பியதைப் பார்க்கவில்லை. பார்த்தது பாக் டோலா மட்டும். தலையை அசைத்தார். சன்னாசி அசைக்கவில்லை.

ரோட்டுக்கு வந்தபோது சாவு வீட்டுப் பக்கமிருந்து தாயம்மா ஒரு சிரட்டையை ஏந்திக்கொண்டு ஓடிவந்தாள். கிழங்குக் கஞ்சி.

"ஒங்களுக்குன்னு குளிப்பாட்டுன அம்மா குடுத்தாங்க. குடிங்க மண்டோரய்யா."

"நீயே குடி. அதுக்குத்தானே வந்த."

தாயம்மா நடந்துகொண்டே குடித்தாள். பாதி குடித்துவிட்டுக் கேட்டாள். "பேரு சொன்னாங்களா?"

"சொன்னான்."

"வள்ளியம்மாவா?"

"நான் நிக்கிறேன்னு சொன்னான். நம்ம தலை மறைஞ்சதும் மாத்திருவான்."

"அதெப்படி மாத்துவாங்க?"

"ஒனக்கு ஒண்ணும் தெரியாது, வாய மூடிக்கிட்டு வா."

பாலத்தில் அதே சிப்பாய் நின்றான். இந்தத் தடவை பிடித்துக்கொள்ளத் துணி இல்லை. சன்னாசி இரண்டு கையையும் சாக்கின்மேல் வைத்து இடுப்பு வளையக் குனிந்தார். விரலெல்லாம் மஞ்சள். சிப்பாய் போகச் சொல்லும்வரை நிமிரக்கூடாது.

"ஹவ்வாவாம்" என்றார், குனிந்தபடியே.